கெடிலம் என்றொரு குவாசர்

என் அண்ணன் மகள் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். கோடை விடுமுறையில் ஒரு கதை எழுதினாள். 40 பக்க நோட்டில் 32 பக்கம் நிரம்பிவிட்டது. கதை நடப்பது வேறொரு பிரபஞ்சத்தில். அங்கேயும் ஒரு கடலூர் உண்டு. அங்கேயும் தேவனாம்பட்டினத்தில் அலை அடிக்கிறது, படகுகள் கரையேறுகின்றன. வானம் மட்டும் வேறு. அந்த வானத்தில் ஒரு குவாசர் இருக்கிறது. நம் ஊர் ஆற்றின் பெயரையே அதற்கு வைத்திருந்தாள்: கெடிலம்.

கெடிலத்துக்கு மூன்று குணங்கள் என்று முதல் பக்கத்திலேயே எழுதியிருந்தாள். அது எதையும் உண்ணாமல் எரியும். கலங்கரை விளக்கம்போல் நொடிக்கொரு முறை அணைந்து எரியும். இரவில் முழுநிலா அளவுக்கு வெளிச்சம் தரும்.

வெள்ளிக் கடற்கரையில் உட்கார்ந்து ஒரு மாலையில் படித்து முடித்தேன். "இதில் எதெல்லாம் தப்பு, சித்தப்பா?" என்று கேட்டாள். கற்பனைப் பிரபஞ்சத்தில் தப்பு என்று எதைச் சொல்வது? அங்கே எந்த விதியையும் மாற்றிக்கொள்ளலாம். ஆனால் பிரபஞ்சத்தின் விதிகள் வலையின் முடிச்சுகளைப்போல் பிணைந்தவை. ஒன்றைப் பிடித்து இழுத்தால் எதெதெல்லாம் கூடவே வருகிறது என்று பார்ப்பதில் எனக்குத் தீராத ஆசை. குவாசரைப் புரிந்துகொள்ள அதைவிட நல்ல வழியும் எனக்குத் தெரியாது. அடுத்த நான்கைந்து மாலைகள் அந்தப் பேச்சிலேயே கழிந்தன. அவளுக்குச் சொன்னதையும் அவள் எனக்குச் சொன்னதையும் இங்கே எழுதுகிறேன்.

முதலில் நம் பிரபஞ்சத்துக் குவாசர். ஒரு விண்மீன் மண்டலத்தின் நடுவில், கோடிக்கணக்கான சூரியன்களின் நிறைகொண்ட ஒரு கருந்துளை. அதைச் சுற்றி வாயுவால் ஆன ஒரு வட்டு. வாயு சுழன்று சுழன்று உள்நோக்கி இறங்கும்போது வட்டு பத்தாயிரக்கணக்கான டிகிரிக்குக் காய்ந்து ஒளிர்கிறது. சுற்றியுள்ள மண்டலத்து விண்மீன்கள் அனைத்தின் ஒளியையும் அந்தச் சிறிய வட்டின் ஒளி விழுங்கிவிடுகிறது. தொலைவில் இருக்கும் நமக்குத் தெரிவது ஒரு புள்ளி மட்டுமே. பார்வைக்கு விண்மீன்தான். ‘விண்மீன் போன்ற ரேடியோ மூலம்’ என்று பொருள்படும் நீண்ட ஆங்கிலப் பெயரைச் சுருக்கி, 1964இல் ஹாங்-யீ சியூ என்ற வானியற்பியலாளர் குவாசர் என்று எழுதினார். அந்தப் பெயரே நிலைத்துவிட்டது.

இந்தப் புள்ளிகள் விண்மீன்கள் அல்ல என்று கண்டுபிடித்த கதையை நான் எத்தனை முறை சொன்னாலும் எனக்கு அலுப்பதில்லை.

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ரேடியோ அலைகளைக் கொண்டு வானத்தைத் துழாவத் தொடங்கினார்கள். கேம்பிரிட்ஜில் அப்படித் தயாரான மூன்றாவது பட்டியலின் 273ஆம் வரிசையில் ஒரு மூலம் இருந்தது. பட்டியலின் பெயரோடு சேர்த்து அதை 3சி 273 என்கிறார்கள். ரேடியோ அலை கன்னி ராசிப் பக்கமிருந்து வருகிறது என்பது தெரியும். சரியாக எந்தப் புள்ளியிலிருந்து என்பது தெரியாது. அந்தக் காலத்து ரேடியோ தொலைநோக்கிகளின் பார்வை அவ்வளவு மங்கல்.

அதற்கு நிலவு உதவியது. தன் பாதையில் போகும் நிலவு 3சி 273ஐ மறைக்கும்போது ரேடியோ அலை சட்டென்று நின்றுபோகும். நிலவு விலகியதும் மீண்டும் வரும். எந்த நொடியில் நின்றது, எந்த நொடியில் வந்தது என்று குறித்துக்கொண்டால் போதும். அந்த நொடியில் நிலவின் விளிம்பு வானத்தில் எங்கே இருந்தது என்பது துல்லியமாகத் தெரியுமாகையால் மூலத்தின் இடமும் தெரிந்துவிடும். 1962இல் ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் என்ற ஊரில் இருக்கும் 64 மீட்டர் ரேடியோ தொலைநோக்கியால் சிரில் ஹசார்டும் அவருடைய குழுவினரும் இதைச் செய்தார்கள். மூலம் அடிவானத்தை நெருங்கிவிட்டதால், தொலைநோக்கியை அதன் வழக்கமான எல்லையையும் தாண்டிச் சாய்க்க வேண்டியிருந்தது.

நிலவின் போக்கைக் கணக்கிடுவது நம் பக்கத்திலும் பழைய வேலைதான். 1825இல் புதுச்சேரியில் வாழ்ந்த ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரர், தரையில் சோழிகளைப் பரப்பி வைத்து, எண்களைச் சொற்களாகக் கோத்து மனப்பாடம் செய்திருந்த வாக்கியங்களைக் கொண்டே ஒரு சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். அதைப் பார்த்து எழுதிவைத்தவர் ஜான் வாரன் என்ற ஐரோப்பிய வானியலாளர். தாளும் எழுதுகோலும் இல்லாமல் நிலவின் கணக்கு முழுவதையும் தலைக்குள் வைத்திருந்த அந்த மனிதரை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கும். 

ஊட்டியின் ரேடியோ தொலைநோக்கிக்கும் இந்த நிலவு மறைப்புக்கும் நேரடி உறவு உண்டு. கோவிந்த் ஸ்வரூப்பின் தலைமையில் கட்டப்பட்டு 1970இல் இயங்கத் தொடங்கிய அந்தத் தொலைநோக்கியின் நீளம் 530 மீட்டர், அகலம் 30 மீட்டர். ஊட்டியின் அட்சரேகை ஏறக்குறைய 11 டிகிரி. அதே 11 டிகிரி சாய்வுள்ள ஒரு மலைச்சரிவைத் தேடிப் பிடித்து அதன்மேல் தொலைநோக்கியைக் கிடத்தினார்கள். அதனால் அதன் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாக அமைந்துவிட்டது. ஒரே அச்சில் திருப்பினால் போதும், ஒரு மூலத்தை மணிக்கணக்கில் தொடர்ந்து பார்க்கலாம். தொலைதூர ரேடியோ மூலங்களை நிலவு மறைக்கும் நொடிகளைப் பதிவுசெய்வதுதான் அதைக் கட்டியதன் முதல் நோக்கம். இப்படி ஆயிரத்துக்கும் மேற்பட்ட மூலங்களை அது அளந்தது. அடுத்த முறை ஊட்டிக்குப் போனால் பூங்காவுக்கு முன் அதைப் பார்க்க வேண்டும் என்று அவள் சொன்னாள்.

3சி 273க்குத் திரும்புவோம். இடம் தெரிந்ததும் அங்கே பார்த்தால் ஒரு மங்கலான விண்மீன்தான் இருந்தது. பாலோமர் மலையின் 200 அங்குலத் தொலைநோக்கியில் மார்ட்டன் ஷ்மிட் அதன் நிறமாலையை எடுத்தார். நிறமாலை என்பது ஒளியை அதன் வண்ணங்களாகப் பிரித்துப் பார்ப்பது. ஒவ்வொரு தனிமமும் தனக்கென்று சில வண்ணங்களில் மட்டும் கோடுகளைக் காட்டும். இந்த ஒளியில் இருந்த கோடுகளோ எந்தத் தனிமத்துக்கும் பொருந்தவில்லை. 1963 பிப்ரவரியில் ஷ்மிட்டுக்கு விடை கிடைத்தது. அவை ஹைட்ரஜனின் கோடுகளேதான். எல்லாமே 16 சதவீதம் நீண்ட அலைநீளத்துக்கு, அதாவது சிவப்புப் பக்கமாக, நகர்ந்திருந்தன.

இந்த இடத்தில் அவளுக்குப் புரியவில்லை. நகர்ந்துவிட்ட கோடுகளை ஹைட்ரஜன் என்று எப்படிச் சொல்வது? அவள் பாட்டு வகுப்புக்குப் போகிறவள். ஆகவே மோகன ராகத்தைக் கேட்டேன். ஒரு கட்டை சுருதியில் பாடினாலும் ஐந்து கட்டையில் பாடினாலும் மோகனம் மோகனம்தானே? ஒவ்வொரு ஸ்வரத்தின் அதிர்வெண்ணும் மாறிவிடுகிறது. ஸ்வரத்துக்கும் ஸ்வரத்துக்கும் உள்ள விகிதம் மாறுவதில்லை. காது அந்த விகிதத்தைத்தான் பிடித்துக்கொள்கிறது. ஹைட்ரஜனின் கோடுகளும் ஒரு ராகம்தான். 3சி 273 அதைக் கீழ்ச்சுருதியில் பாடியது. ஷ்மிட் ராகத்தை அடையாளம் கண்டுவிட்டார். நீலப்பச்சையில், 486 நானோமீட்டரில் இருக்க வேண்டிய கோடு 563க்குப் போய் மஞ்சள் கலந்த பச்சையில் நின்றது. இதற்குச் செம்பெயர்ச்சி என்று பெயர்.

சுருதி ஏன் இறங்கியது? ஒளி வந்துகொண்டிருந்த காலம் முழுவதும் பிரபஞ்சம் விரிந்துகொண்டே இருந்தது. வெளி விரிந்தபோது அதனூடே வந்த அலையும் நீண்டது. 16 சதவீதம் நீள வேண்டுமென்றால் அது 200 கோடி ஆண்டுகளுக்கும் மேலாகப் பயணம் செய்திருக்க வேண்டும். 3சி 273இன் தொலைவு ஏறக்குறைய 240 கோடி ஒளியாண்டு என்கிறார்கள்.

அவ்வளவு தொலைவிலிருந்தும் அது தெரிகிறது. சித்திரை, வைகாசி இரவுகளில், ஊர் வெளிச்சம் இல்லாத இடத்தில், 8 அங்குலத் தொலைநோக்கி இருந்தால் நீங்களே பார்க்கலாம். அப்படியென்றால் அதன் உண்மையான ஒளி எவ்வளவு? சூரியனைப்போல் ஏறக்குறைய 4 லட்சம் கோடி மடங்கு. வேறு விதமாகச் சொல்கிறேன். சூரிய ஒளி நமக்கு வந்துசேர 8 நிமிடம் ஆகிறது. 3சி 273ஐ 33 ஒளியாண்டுத் தொலைவில் கொண்டுபோய் வைத்தாலும் நம் வானத்தில் அது இன்னொரு சூரியனாக எரியும்.

இனி, எதையும் உண்ணாமல் எரிவது என்ற கெடிலத்தின் முதல் குணத்துக்கு வருகிறேன்.

நெய்வேலி நம் மாவட்டத்தில் இருப்பதால் அங்கிருந்தே தொடங்கினேன். ஒரு கிலோ பழுப்பு நிலக்கரியை எரித்தால் சுமார் ஒரு கோடி ஜூல் ஆற்றல் கிடைக்கும். சூரியனுக்குள் நடப்பதுபோல் ஒரு கிலோ ஹைட்ரஜனை ஹீலியமாக்கினால், அந்த ஒரு கிலோவில் 0.7 சதவீதம் ஆற்றலாக மாறும். அதே ஆற்றலை நிலக்கரியிலிருந்து எடுக்க ஏறக்குறைய 60,000 டன் எரிக்க வேண்டும். ஒரு கிலோ வாயுவைக் கருந்துளையை நோக்கிச் சுழன்று விழச் செய்தால் 10 சதவீதம் அளவுக்கு ஆற்றலாகும். அதற்கு ஈடு 8 லட்சம் டன் நிலக்கரிக்கும் மேல். நமக்குத் தெரிந்த இயற்கை அடுப்புகளில், பெரிய அளவில் தொடர்ந்து எரியக்கூடியவற்றுள், இதைவிடச் சிக்கனமானது கிடையாது. எட்வின் சால்பீட்டரும் யாக்கவ் செல்தோவிச்சும் 1964இல் தனித்தனியாக இந்த வழியைச் சுட்டிக்காட்டினார்கள். விண்மீன் மண்டலங்களின் நடுவில் இப்படிப்பட்ட பழைய கருந்துளைகள் இருக்க வேண்டும் என்று 1969இல் டொனால்ட் லிண்டன்-பெல் வாதிட்டார்.

விழுவதிலிருந்து ஒளி எப்படி வருகிறது என்பதை இங்கே நின்று கவனிக்க வேண்டும். கருந்துளைக்குள் போன ஒளி வெளியே வராது என்று எல்லோருக்கும் தெரியும். ஆகவே குவாசரின் ஒளி அனைத்தும் அதற்குள் போவதற்கு முன் பிறந்த ஒளி. நேராக விழும் கல் சத்தமில்லாமல் உள்ளே போய்விடும். வாயு அப்படி விழ முடியாது. அதற்கு ஏற்கெனவே பக்கவாட்டில் கொஞ்சம் இயக்கம் இருக்கும். உள்ளே நெருங்க நெருங்க அந்த இயக்கம் வேகமான சுழற்சியாகும். கெடிலம் கடலில் சேரும் முகத்துவாரத்தில் சுழி விழும்போது பார்த்திருப்பீர்கள். மிதந்து வரும் தென்னை மட்டை நேராக நடுவுக்குப் போவதில்லை. சுற்றிச் சுற்றித்தான் இறங்கும். வட்டிலும் அப்படியே. உள்சுற்றில் இருக்கும் வாயு வேகமாகவும் வெளிச்சுற்றில் இருப்பது மெதுவாகவும் ஓடுவதால் இரண்டும் உரசிக்கொள்கின்றன. காந்தப்புலங்கள் அந்த உரசலை வலுவாக்குகின்றன. மிக்ஸியில் மாவு அரைத்தால் சூடேறிவிடும் என்று வீட்டில் குளிர்ந்த தண்ணீர் விட்டு அரைப்பார்களே, அந்தச் சூடுதான். அங்கே வேகம் ஒளிவேகத்தை நெருங்குவதால் சூடு ஒளியாகக் கொட்டுகிறது.

3சி 273 அந்த வெளிச்சத்தைத் தர, ஆண்டுக்கு இரண்டு மூன்று சூரியன்களின் அளவு வாயு வேண்டும். அப்படியானால் உண்ணாத கெடிலம் எரிய முடியாதா? அவள் முகம் வாடிவிட்டது. ஆனால் ஒரு வழி இருக்கிறது. கருந்துளை தானே சுழலக்கூடியது. அந்தச் சுழற்சியில் ஆற்றல் சேர்ந்திருக்கிறது. அதை வெளியே எடுக்கலாம் என்று 1969இல் ரோஜர் பென்ரோஸ் காட்டினார். காந்தப்புலத்தின் வழியாக எடுக்கும் முறையை 1977இல் பிளாண்ட்ஃபோர்டும் ஸ்நாயெக்கும் விளக்கினார்கள். உச்ச வேகத்தில் சுழலும் கருந்துளையின் நிறையில் 29 சதவீதம் வரை இப்படிச் செலவாகும் சேமிப்புதான்.

கெடிலத்தின் நிறை 100 கோடி சூரியன்கள் என்று வைத்துக்கொண்டு கணக்குப் போட்டோம். ஒரு துளி விடாமல் அந்தச் சேமிப்பையே செலவழித்தால் 3சி 273 அளவு வெளிச்சத்தோடு 100 கோடி ஆண்டுக்குச் சற்று மேல் எரியலாம். பம்பரம் ஓய்வதுபோல் சுழற்சி ஓய்ந்து, பிறகு அணையும். காந்தப்புலத்தைப் பிடித்து நிறுத்த ஓரளவு வாயு சுற்றிலும் இருந்தாக வேண்டும் என்பதையும் சொன்னேன். ‘கெடிலம் விரதம் இருக்கிறது’ என்று நோட்டில் திருத்திக்கொண்டாள்.

இரண்டாவது குணத்துக்குத்தான் இரண்டு மாலைகள் தேவைப்பட்டன.

நொடிக்கொரு முறை அணைவது ஏன் சிக்கல்? ஒரு காட்சியைச் சொல்கிறேன். தேவனாம்பட்டினத்திலிருந்து புதுச்சேரி நோக்கிக் கடற்கரையில் 20 கிலோமீட்டருக்கு ஆட்கள் கையில் விளக்கோடு வரிசையாக நிற்கிறார்கள். தேவனாம்பட்டினத்தில் ஒரு வெடி வெடிக்கிறது. சத்தம் காதில் விழுந்ததும் அவரவர் விளக்கை அணைக்க வேண்டும். ஒலி நொடிக்கு 340 மீட்டர் போகும். கடைசி ஆளுக்குச் சத்தம் எட்ட ஒரு நிமிடம் ஆகும். கடலில் வெகுதூரத்தில் படகில் இருந்து பார்ப்பவருக்கு அந்த விளக்கு வரிசை ஒரே நொடியில் அணைந்ததாகத் தெரியவே தெரியாது. கொஞ்சம் கொஞ்சமாக, ஒரு நிமிடத்தில் அணையும்.

வானத்தில் சத்தத்தின் இடத்தில் ஒளி இருக்கிறது. ஒளியைவிட வேகமாக எந்தச் செய்தியும் போகாது. ஆகவே ஒரு பொருள் எவ்வளவு விரைவாக மங்கி ஒளிர்கிறதோ, அதற்குள் ஒளி கடக்கும் தூரத்தைவிட அது பெரிதாக இருக்க முடியாது. குவாசர்களின் அளவை வானியலாளர்கள் முதலில் இப்படித்தான் மதிப்பிட்டார்கள். அமெரிக்காவின் ஹார்வர்டில் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து சேர்த்துவைத்த வான்படக் கண்ணாடித் தகடுகள் இருந்தன. 1963இல் ஹார்லன் ஸ்மித்தும் டோரிட் ஹாஃப்லைட்டும் அவற்றில் 3சி 273ஐத் தேடி எடுத்து, அதன் ஒளி கூடிக் குறைந்திருப்பதைக் கண்டார்கள். விண்மீன் மண்டலம் ஒன்றின் குறுக்களவு லட்சம் ஒளியாண்டு. அது முழுவதும் சேர்ந்து சில ஆண்டுகளில் மங்க முடியாது. ஒளியைத் தருவது மிகச் சிறிய இடம் என்பது அப்போதே உறுதியாயிற்று. யாரோ எதற்கோ பல பத்தாண்டுகளுக்கு முன் எடுத்து அடுக்கிவைத்த தகடுகள் இதற்குச் சாட்சி சொன்னது எனக்கு மிகவும் பிடித்த செய்தி.

100 கோடி சூரியன்கள் நிறையுள்ள கருந்துளையின் ஆரம் 300 கோடி கிலோமீட்டர். நம் சூரியனிலிருந்து யுரேனஸ் இருக்கும் தூரம். அதைக் கடக்க ஒளிக்கே 10,000 நொடி, அதாவது கால் மணி குறைய மூன்று மணி நேரத்துக்குச் சற்று மேல், ஏறக்குறைய 2 மணி 47 நிமிடம் வேண்டும். ஒரு நொடியில் அணைந்து எரிவது நடக்காது.

"கலங்கரை விளக்கம் அணைவதில்லையே, சித்தப்பா. சுற்றத்தானே செய்கிறது?" என்றாள்.

அருமையான கேள்வி. 1967இல் ஜோசலின் பெல் கண்டுபிடித்த பல்சர் என்ற சுழலும் சிறு விண்மீன் அப்படித்தான் துடித்தது, சுமார் 1.3 நொடிக்கு ஒரு முறை. ஒளிக்கற்றை சுழன்று நம் பக்கம் திரும்பும்போதெல்லாம் ஒரு துடிப்பு. ஆனால் பல்சரின் குறுக்களவு 20 கிலோமீட்டர்தான். 300 கோடி கிலோமீட்டர் ஆரமுள்ள ஒன்று நொடிக்கு ஒரு சுற்று சுற்றினால் அதன் விளிம்பு ஒளியைவிட 60,000 மடங்கு வேகமாக ஓட வேண்டும். ஆகவே அந்தக் கதவும் மூடியது.

"அப்படியானால் என் பிரபஞ்சத்தில் ஒளியின் வேகத்தைக் கூட்டிவிடுகிறேன்" என்றாள். முடிச்சைப் பிடித்து இழுத்தாயிற்று. எது எது கூட வருகிறது?

கருந்துளையின் ஆரம், ஒளிவேகத்தின் வர்க்கத்துக்கு எதிர்விகிதத்தில் இருக்கும். ஒளிவேகத்தை 10 மடங்காக்கினால் ஆரம் 100இல் ஒரு பங்காகச் சுருங்கும். சுருங்கிய ஆரத்தை 10 மடங்கு வேகமுள்ள ஒளி கடக்கிறது. ஆக, நேரம் 1,000இல் ஒரு பங்கு. 10,000 நொடி 10 நொடியாகிவிட்டது. ஒரு நொடியாக வேண்டுமென்றால் எத்தனை மடங்கு? அவளே கண்டுபிடித்தாள். கனம் 10,000ஐ எட்டும் எண் வேண்டும். 21இன் கனம் 9,261, போதாது. 22இன் கனம் 10,648. அவளுடைய பிரபஞ்சத்தில் ஒளி நம் ஒளியைவிட 22 மடங்கு வேகமாகப் போக வேண்டும். கடற்கரை மணலில் குச்சியால் எழுதிப் பெருக்கிக் கண்டுபிடித்த எண் இது. அலை வந்து அழிப்பதற்குள் கைபேசியில் படம் எடுத்துவைத்தேன்.

22 என்றதும் மற்ற முடிச்சுகள் அசையத் தொடங்கின. நிறையை ஆற்றலாக்கும் கணக்கில் ஒளிவேகத்தின் வர்க்கம் வருகிறது. 22இன் வர்க்கம் 484. ஒவ்வொரு கிலோவும் 484 மடங்கு ஆற்றல் தரும். ஆண்டுக்கு மூன்று சூரியன்களை உண்ண வேண்டியிருந்த கெடிலத்துக்கு இனி 160 ஆண்டுக்கு ஒரு சூரியன் போதும். விரதம் இருக்கிறது என்று எழுதியதற்கு இது பொருத்தமாகவே அமைந்தது. அங்கே இருக்கும் சூரியனும் நம் சூரியனைப்போல் எரிய முடியாது என்பது வேறு கதை. அவள் அதை அடுத்த நோட்டுக்கு ஒத்திவைத்துவிட்டாள்.

எனக்கு மிகவும் பிடித்த மாற்றம் நகைக்கடையில் நடக்கிறது. தங்கம் மஞ்சளாக இருப்பதற்குக் காரணம் ஒளியின் வேக எல்லை. தங்க அணுவின் கருவில் 79 புரோட்டான்கள். அந்த இழுப்புக்கு ஈடுகொடுக்க, உள்சுற்று எலக்ட்ரான்கள் ஒளிவேகத்தில் பாதியைத் தாண்டிய வேகத்தில் இயங்க வேண்டியிருக்கிறது. அவ்வளவு வேகத்தில் சார்பியல் விளைவுகள் தலையிட்டு, எலக்ட்ரான் அடுக்குகளின் இடைவெளியை மாற்றிவிடுகின்றன. அதனால் தங்கம் நீல ஒளியை உறிஞ்சிக்கொள்கிறது. நீலம் போனபின் மிஞ்சுவது மஞ்சள். ஒளி 22 மடங்கு வேகமானால் அதே எலக்ட்ரான்கள் எல்லையிலிருந்து வெகுதூரம் விலகிவிடும். அந்த விளைவு இல்லாமலே போய்விடும். அந்தக் கடலூரில் தங்கம் வெள்ளியைப்போல் வெளுத்திருக்கும். குவாசரை நொடிக்கொரு முறை சிமிட்டவைக்க நினைத்ததில் தாலியின் நிறம் மாறிவிட்டது. இதைக் கேட்டதும் அவள் எழுந்து நின்றுவிட்டாள்.

மூன்றாவது, முழுநிலா வெளிச்சம். இதில்தான் அவளுடைய ஊகம் என்னை அசத்தியது. கெடிலத்தை அவள் நம் பால்வெளி மண்டலத்தின் நடுவில் வைத்திருந்தாள். நடுவுக்கு இங்கிருந்து ஏறக்குறைய 26,000 ஒளியாண்டு. 3சி 273 அங்கே இருந்தால் சூரியனைவிட எவ்வளவு மங்கலாகத் தெரியும்? 33 ஒளியாண்டில் சூரியனுக்குச் சமம். 26,000 என்பது அதைப்போல் சுமார் 790 மடங்கு. வெளிச்சம் தொலைவின் வர்க்கத்தில் குறையும். ஆறு லட்சத்தில் ஒரு பங்குக்குச் சற்றுக் கீழே. முழுநிலா சூரியனில் சுமார் நான்கு லட்சத்தில் ஒரு பங்கு. கிட்டத்தட்ட ஒன்றுதான். கணக்குப் போடாமல் எழுதியது இவ்வளவு நெருங்கி வந்திருந்தது.

ஆடி மாத இரவில் தெற்கே பார்த்தால் விருச்சிகத்தின் வால் தெரியும். வால் நுனியில்தான் மூல நட்சத்திரம். அதற்கும் தனுசுக்கும் இடைப்பட்ட பக்கத்தில்தான் பால்வெளியின் நடு இருக்கிறது. அங்கே ஒரு கருந்துளையும் இருக்கிறது, 40 லட்சம் சூரியன்கள் நிறையோடு. அதைச் சுற்றும் விண்மீன்களைப் பல்லாண்டு கண்காணித்து அதை உறுதிசெய்ததற்காக ரைன்ஹார்ட் கென்செலும் ஆண்ட்ரியா கெஸ்ஸும் 2020இன் நோபல் பரிசில் பங்கு பெற்றார்கள். 2022இல் அதன் படமும் வந்தது. ஆனால் அது அமைதியாகக் கிடக்கிறது. விழுவதற்கு வாயு இல்லை. குவாசர்கள் மிகுந்திருந்த காலம் ஏறக்குறைய 1,000 கோடி ஆண்டுகளுக்கு முன்பு. அப்போது மண்டலங்களில் வாயு நிறைய இருந்தது, மோதல்களும் நிறைய. தொலைவில் பார்ப்பது பழையதைப் பார்ப்பது என்பதால்தான் குவாசர்கள் எல்லாம் தொலைவிலேயே தெரிகின்றன.

வாயுவைக் கொட்டினாலும் நம் கருந்துளை 3சி 273 ஆகிவிடாது. ஒளிக்கும் தள்ளும் திறன் உண்டு. ஒளி ஓர் அளவைத் தாண்டினால் விழ வரும் வாயுவை அதுவே வெளியே தள்ளிவிடும். கருந்துளையின் நிறைக்கு ஏற்ற உச்சவரம்பு இது. 40 லட்சம் சூரியன்கள் போதாது, கோடிக்கணக்கில் வேண்டும். கெடிலத்தின் 100 கோடி தாராளமாகப் போதும்.

பெரிய தடை வேறு. நமக்கும் நடுவுக்கும் இடையே பால்வெளியின் வட்டு முழுவதும் தூசி. கண்ணுக்குத் தெரியும் ஒளியில் லட்சம் கோடியில் ஒரு பங்குதான் அதைக் கடந்து நம்மை வந்தடைகிறது. கென்செலும் கெஸ்ஸும் அகச்சிவப்பு ஒளியைப் பயன்படுத்தியது அதனால்தான். கெடிலம் அங்கே எரிந்தாலும் கடலூரில் நிழல் விழாது.

"தூசியே இல்லை என்று வைத்துக்கொள்ளலாமா?" என்று கேட்டாள். வைத்துக்கொள்ளலாம். ஆனால் அந்தத் தூசி என்பது மணலின் சிலிக்கனும் கரியின் கார்பனும் இரும்பும்தான். அவை ஒட்டி ஒட்டித் திரண்டுதான் பூமி ஆனது. தூசியை எடுத்துவிட்டால் நாம் உட்கார்ந்திருக்கும் கடற்கரையும் போய்விடும். கெடிலத்தைப் பார்க்க ஊர் இருக்காது.

அன்று அவள் ஒன்றும் பேசவில்லை. மறுநாள் மாலை நோட்டோடு வந்தாள். "தூசி இருக்கட்டும், சித்தப்பா. ஊரை மேலே தூக்கி வைத்துவிட்டேன்."

நான் யோசிக்காத தீர்வு. தூசி மெல்லிய தட்டாகத்தான் படிந்திருக்கிறது. அவளுடைய சூரியன் தட்டுக்குள்ளேயே பிறந்தது. பழங்காலத்தில் வேறொரு மண்டலம் மோதியபோது, கோள்களோடு சேர்த்து அது மேலே தூக்கி எறியப்பட்டது. அங்கிருந்து கீழே பார்த்தால் நடுவுக்கும் நமக்கும் இடையே தூசி மிகக் குறைவு. பால்வெளி முழுவதும் ஒரு சக்கரம்போல் வானத்தில் விரிந்திருக்கும். சக்கரத்தின் நடுக்குடம் இருக்கும் இடத்தில் கெடிலம். விண்மீன் மண்டலங்கள் மோதும்போது விண்மீன்கள் இப்படி எறியப்படுவது நம் பிரபஞ்சத்திலும் நடக்கிறது. இதில் மாற்ற எனக்கு எதுவும் இல்லை.

இரண்டே இரண்டு சேர்த்துச் சொன்னேன். கெடிலத்தின் வெளிச்சம் நிலவளவு என்றாலும் அது ஒரு புள்ளி. ஆகவே விண்மீனைப்போல் மினுங்கும். நிலவின் நிழலுக்கு மங்கிய ஓரம் உண்டு. புள்ளியின் நிழல் கத்தியால் கீறியதுபோல் விழும், தலைமுடிக்குக்கூட. அடுத்தது ஓதம், அதாவது கடல்நீர் ஏறி இறங்குவது. கெடிலத்தின் நிறை 100 கோடி சூரியன்கள் என்றாலும், ஓதத்தை எழுப்பும் திறன் தொலைவின் கனத்தில் குறைந்துவிடும். 26,000 ஒளியாண்டுக்கு அப்பாலிருந்து கடல்நீரை அது அசைக்காது. அங்கேயும் அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும்தான் கடல் பொங்கும்.

அவள் உடனே முதல் பக்கத்தைக் கிழித்துவிட்டுக் கதையின் தொடக்கத்தை மாற்றி எழுதினாள். எழுதியதை எனக்குப் படித்துக் காட்டினாள்:

"அன்று அமாவாசை. கடல் படிக்கட்டு வரை ஏறியிருந்தது. பாட்டி வெள்ளை நிறத் தங்க வளையலைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு மணலில் உட்கார்ந்தாள். அவளுடைய நிழல் நொடிக்கொரு முறை வந்து வந்து போனது."